நம்ம சங்கத்தோட ஆண்டறிக்கை 2024-25

தலைவருக்கும் உறுப்பினர்கள் எல்லாருக்கும் வணக்கம். பொதுக்குழுவுல நேரம் பத்தல, பாதிதான் வாசிச்சேன், அதான் முழுசா போடுறேன்.

ஜூன்ல மரக்கன்று நட்டோம். அக்டோபர்ல ஸ்கூல் பிள்ளைங்களுக்கு ஓவியப் போட்டி. பொங்கல் விழா நல்லபடியா நடந்துச்சு.

இனி மரப்பட்டையில வளர்ற லைக்கன் கணக்கெடுப்பு. பாசியை எண்ணி என்ன ஆகப்போகுதுன்னு கமிட்டியிலயே கேட்டாங்க, அதனால விளக்கமாவே சொல்லிடுறேன். வால்பாறை ரோட்டோரத்துல நிக்குற வெடிப்பலா, நாங்கு மரங்கள்ல வெளிறின திட்டு மேல யாரோ கறுப்பு மையில கிறுக்கின மாதிரி கோடு கோடா இருக்கே, அது கிராஃபிஸ்ங்கிற லைக்கன், பேரே கிரேக்கத்துல எழுதுறதுங்கிற சொல்லுல இருந்து வந்ததுதான். அந்தக் கோட்டுக்குள்ளதான் பூஞ்சையோட வித்து உண்டாகுது. பூஞ்சையும் பாசியும் சேர்ந்து வாழுற உயிர் இது, உள்ள இருக்குற பாசி பேரு ட்ரென்டபோலியா, அது பச்சைப்பாசி இனம்தான், ஆனா பார்க்க ஆரஞ்சு கலரா இருக்கும். வேர் கிடையாது, மரத்தோட சாறை உறிஞ்சாது, பட்டையில இடம் மட்டும்தான் கேக்குது. நாம குழம்புல போடுற கல்பாசியும் லைக்கன்தான், அதை யாரும் நோய்ங்கிறதில்லையே!

இதே குடும்பத்துல கோடு இல்லாம பொத்தல் பொத்தலா இருக்குற தெலோட்ரீமா வகைங்க இருக்கு, அதுல நிறைய வகை அடர்ந்த பழைய காட்டோட நிழல்லதான் நிலைக்கும், மேல மரத்தை வெட்டி வெயில் விழுந்தா போயிடும். அதனாலதான் எந்தெந்த மரத்துல என்ன இருக்குன்னு இப்பவே எழுதி வைக்கணும்னு நான் அடிச்சுக்கிறேன். பட்டையை உரிக்காம, லென்ஸ் வச்சுப் பார்த்து, ட்ரான்ஸ்பரன்ட் ஷீட்ல லைக்கன் திட்டோட ஓரத்தை வரைஞ்சு, 24 மரத்துக்கு நோட்டு போட்டிருக்கேன். போன வருஷம் வரைஞ்ச ஓரக் கோட்டுக்கும் இந்த வருஷம் வரைஞ்ச கோட்டுக்கும் நடுவுல பென்சில் முனை அளவுதான் இடம் இருந்துச்சு.

அப்படி மெதுவா வளர்றதை, செப்டம்பர்ல யாரோ மரத்துக்கு நோய்னு நினைச்சு மூணு மரத்துல சுரண்டி எடுத்துட்டு சுண்ணாம்பும் அடிச்சிட்டாங்க. அன்னைக்கு எனக்கு சாப்பாடு இறங்கல. மனு எழுதி கையெழுத்துக்கு கூப்பிட்டேன், 58 உறுப்பினர்ல வந்தது ஆறு பேரு. ஞாயித்துக்கிழமை நடைக்கும் அதே கதைதான், மழை, அட்டைக்கடி, சொந்தக்காரங்க கல்யாணம்னு காரணம் வருது, ஆளு வரல. ஒன்பது தடவை நானும் பொருளாளர் அண்ணனும் மட்டும்தான் போனோம்.

கணக்கு: வரவும் செலவும் ஏறக்குறைய சமம், சின்ன தொகை கையிருப்பு இருக்கு, பில்லெல்லாம் பொருளாளர்கிட்ட பத்திரமா இருக்கு. லென்ஸ் ரெண்டும் சங்கப் பணத்துல வாங்கினது, கமிட்டி ஒப்புதலோட. சந்தா 31 பேரு பாக்கி, அதுல ரெண்டு வருஷமா கட்டாதவங்களும் இருக்காங்க, பேரு இங்க போடல.

ஹால் குடுத்தவங்களுக்கும், டீ போட்டுக் குடுத்த அக்காவுக்கும், தலைவருக்கும் நன்றி.

அடுத்த வருஷம் செயலாளரா வேற யாராவது வந்தா மனசார விட்டுக்குடுப்பேன், ஆனா அந்த நோட்டைக் கீழ போடாதவங்களா இருக்கணும், ஒரு வருஷம் விட்டா அந்தக் கோடு எவ்வளவு நகர்ந்துச்சுன்னு மறுபடி கண்டுபிடிக்க முடியாது. சுரண்டின மூணு மரத்துல திரும்ப ஏதாவது வருதான்னு பார்க்க ரெண்டு ஜோடிக் கண்ணாவது கூட வேணும். வர்ற ஞாயிறு காலை ஏழு மணிக்கு பஸ் ஸ்டாண்ட்ல நிப்பேன், சந்தாவையும் அங்கயே வாங்கிக்குறேன்.

இப்படிக்கு,
செயலாளர்