‘ஒரு கட்டிங்தானே’: கொடைக்கு முன்னால் ஒரு கடிதம்

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் வந்தது. தங்கச்சிக்கு மூட்டுவலி குறைந்து நடமாட்டம் வந்துவிட்டது என்று படித்ததும் நிம்மதியாக இருந்தது. இந்த வருடக் கோயில் கொடைத் திருவிழாக் கமிட்டியில் உன்னையும் சேர்த்திருக்கிறார்கள் என்பது இன்னொரு நல்ல செய்தி. குடித்துவிட்டு பைக் எடுக்கிறவர்களை எப்படித் தடுப்பது என்று நீ கேட்டதற்குக் கூட்டத்தில் எல்லாரும் “அபராதத்தை ஏத்தணும்” என்று சொன்னதாக எழுதியிருக்கிறாய். அது மட்டும் போதாது. அபராதம் ஏற்கெனவே ஏறித்தான் கிடக்கிறது. இன்றைக்கு ஊதச் சொல்வார்கள், ஊதினால் தப்ப முடியாது என்ற எண்ணம்தான் நம் ரோடுகளில் இல்லை. விவரம் கேட்டிருந்தாய், எழுதுகிறேன். கொஞ்சம் நீளும்.

முதலில் அந்த ‘கட்டிங்’ கணக்கு. மோட்டார் வாகனச் சட்டத்தின் 185ஆம் பிரிவு, 100 மி.லி. ரத்தத்தில் 30 மி.கி. ஆல்கஹாலுக்கு மேல் இருந்தால் குற்றம் என்கிறது. நம் கடை பிராந்தி 42.8 சதவீதம். கட்டிங் என்பது குவாட்டரில் பாதி, 90 மி.லி. அதில் சுத்த ஆல்கஹால் மட்டும் 38 மி.லி. இருக்கிறது, எடை போட்டால் 30 கிராம். 70 கிலோ எடையுள்ள ஆண் வெறும் வயிற்றில் அதைக் குடித்தால் ரத்தத்தில் ஏறத்தாழ 60 மி.கி. ஏறும். சட்ட வரம்பைப் போல இரண்டு மடங்கு! 55 கிலோ பையன் என்றால் 80. குவாட்டர் முழுதாகப் போனால் 70 கிலோக்காரருக்கே 125ஐத் தாண்டும். 60 மி.லி. லார்ஜ் ஒன்றே 40ஐத் தொட்டுவிடும். பீர் ஒன்றும் செய்யாது என்கிறவர்களுக்கு: 8 சதவீத ஸ்ட்ராங் பீர் 650 மி.லி. பாட்டில் ஒன்றில் இருப்பது 41 கிராம், கட்டிங்கை விட அதிகம். பெண்களுக்கு உடலில் நீரின் பங்கு குறைவு, அதனால் அதே எடைக்கு அதே அளவு இன்னும் கூடுதலாக ஏறும்.

சாப்பிட்டுவிட்டுக் குடித்தால் ஏறும் வேகமும் உச்ச அளவும் கொஞ்சம் குறையும், அவ்வளவுதான். குடித்து அரை மணியிலிருந்து ஒன்றரை மணி நேரத்துக்குள் உச்சம் வரும். கடையை விட்டு இறங்கும்போது “நான் ஸ்டெடியா இருக்கேன்” என்கிறவனுக்குப் பாதி வழியில்தான் உச்சம் ஏறுகிறது.

இறங்குவது மிக மெதுவாக. கல்லீரல் மணிக்கு ஏறத்தாழ 15 மி.கி.தான் கழிக்கும். மோர், எலுமிச்சை, கருப்புக் காப்பி, தலைக்குத் தண்ணீர் எதுவும் இந்த வேகத்தைக் கூட்டாது. வாந்தி எடுத்தாலும் ரத்தத்தில் ஏறியது ஏறியதுதான். ராத்திரி பத்து மணிக்குக் குவாட்டரை முடித்தவர் 30க்கு இறங்க விடியற்காலை நாலரை ஆகும், பூஜ்யத்துக்கு வர ஆறரை. இரண்டு குவாட்டர் என்றால் மறுநாள் மதியம் ஒரு மணி வரை அவர் சட்டப்படி வண்டியைத் தொடக் கூடாது. ‘தூங்கி எழுந்தாச்சு, மப்பு இறங்கிடுச்சு’ என்று விடிகாலை நாலு மணிக்குத் திருச்செந்தூருக்கோ ஏர்போர்ட்டுக்கோ வேனை எடுக்கும் டிரைவரிடம் உன் கமிட்டி முதலில் பேச வேண்டும். எனக்கு அதிகம் பயம் தருவது இந்த விடியற்காலை வண்டிதான், ஏனென்றால் அதில் பத்துப் பன்னிரண்டு பேர் உட்கார்ந்திருப்பார்கள்.

வண்டி ஓட்டும்போது முதலில் கெடுவது கைகால் அல்ல, ஒரே நேரத்தில் இரண்டு விஷயத்தைக் கவனிக்கும் திறன். கண்ணாடியைப் பார்த்துக்கொண்டே பிரேக்கைப் பிடிப்பது, எதிர் வெளிச்சத்தில் கண் கூசியபின் சட்டென்று ரோட்டைப் பிடித்துக்கொள்வது எல்லாம் தடுமாறும். 60 கிலோமீட்டர் வேகத்தில் நொடிக்கு 16.7 மீட்டர் போகிறோம். பிரேக் பிடிக்க அரை நொடி தாமதித்தால் வண்டி கூடுதலாக எட்டு மீட்டர் ஓடிவிடும். பைக்கில் இதோடு சமநிலையும் சேர்ந்துகொள்ளும். அதனால்தான் காரில் தப்பிக்கிற அளவுக்கு பைக்கில் தப்புவதில்லை.

இப்போது சட்டம். 2019 திருத்தத்துக்குப் பிறகு முதல் தடவை பிடிபட்டால் ஆறு மாதம் வரை சிறை, அல்லது 10,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். இரண்டாவது தடவை இரண்டு ஆண்டு வரை, அல்லது 15,000, அல்லது இரண்டும். இது ரோட்டிலேயே பணம் கட்டித் தீர்க்கக்கூடிய குற்றம் அல்ல, கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். 185இல் தண்டனை விழுந்தால் லைசென்சைக் குறைந்தது ஆறு மாதம் முடக்கியாக வேண்டும் என்று 20ஆம் பிரிவு சொல்கிறது. பின்னால் உட்கார்ந்து வருகிறவர்? 188ஆம் பிரிவு குற்றத்துக்குத் துணை போவதையும் சேர்க்கிறது. அதை வைத்துத்தான் 2022 அக்டோபரில் சென்னைப் போக்குவரத்துப் போலீஸ் கூட வருகிறவர்களுக்கும் அபராதம் என்று அறிவித்தது. இதை நம் பையன்களிடம் அழுத்திச் சொல்லு. தன்னை யாரும் பிடிக்க மாட்டார்கள் என்று நினைக்கிறவன்கூடத் தன் கூட்டாளி மாட்டுவதை விரும்ப மாட்டான்.

விபத்தில் ஆள் இறந்தால், பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 106ஆம் பிரிவில் ஐந்தாண்டு வரை சிறை. அதற்கு மேலும் போகலாம். 2006 நவம்பர் 12ஆம் தேதி மும்பை பாந்த்ரா கார்ட்டர் சாலையில் நடைபாதையில் தூங்கிக்கொண்டிருந்த தொழிலாளிகள் மீது கார் ஏறி 7 பேர் இறந்த வழக்கில், குடித்துவிட்டு இப்படி ஓட்டினால் ஆள் சாவார்கள் என்று தெரிந்தேதான் ஓட்டியிருக்கிறார் என்று 2012இல் உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. வெறும் கவனக்குறைவு இல்லை, கொலையாகாத மரணம் விளைவித்தல் என்று தண்டனையை உறுதி செய்தது.

இவ்வளவு இருந்தும் ஏன் பயம் இல்லை? எனக்குத் தெரிந்த காரணங்களில் பெரியது, ரத்தம் எடுக்காமல் போவது. 2022இல் இந்தியாவில் சாலை விபத்தில் இறந்தவர்கள் 1,68,491 பேர். அதில் மது, போதைப் பொருள் காரணம் என்று கணக்கில் வந்தது சுமார் 2.5 சதவீதம்தான். ஆனால் தலைக்காயத்தோடு வருகிறவர்களைப் பார்க்கும் பெங்களூரு நிம்ஹான்ஸ் மருத்துவமனை ஆய்வாளர்கள், காயம்பட்ட நேரத்தில் 15 முதல் 20 சதவீதம் பேரிடம் மது இருந்ததாகப் பல ஆண்டுகளுக்கு முன்பே எழுதிவிட்டார்கள். இடையிலே காணாமல் போன ஆட்கள் எங்கே? எஃப்.ஐ.ஆரில் ‘அதிவேகம்’ என்று எழுதினால் வேலை முடிந்தது. வண்டியோட்டியே இறந்துவிட்டால் வழக்கு அங்கேயே நின்றுவிடும், பிறகு ரத்தம் எதற்கு என்ற எண்ணம். இன்சூரன்ஸ் வராது என்று வீட்டாரும் மது விஷயத்தைச் சொல்வதில்லை, அவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனால் கணக்கில் வராத சாவுக்கு யாரும் திட்டம் போட மாட்டார்கள்.

உயிரோடு பிடிபட்டவர் விஷயத்திலும் நேரம்தான் எதிரி. 185இல் கைதானவரை இரண்டு மணி நேரத்துக்குள் மருத்துவப் பரிசோதனைக்கு உட்படுத்த வேண்டும், இல்லாவிட்டால் விட்டுவிட வேண்டும் என்கிறது 202ஆம் பிரிவு. ஊத மறுத்தாலும் ரத்தம் கேட்கலாம், 204 அதற்கு இடம் தருகிறது. ஆஸ்பத்திரியில் உள்நோயாளியாகப் படுத்திருந்தால் சிகிச்சை தரும் டாக்டரிடம் சொல்லி, அவர் ஆட்சேபிக்காவிட்டால்தான் சோதிக்கலாம். வாயில் மதுவாடை, தள்ளாட்டம், குழறல் என்று டாக்டர் எழுதித் தந்தால் போதும் என்று இன்றும் சிலர் நினைக்கிறார்கள். 1971லேயே உச்ச நீதிமன்றம் அது போதாது, ரத்தமோ சிறுநீரோ சோதிக்க வேண்டும் என்று சொல்லிவிட்டது.

ரத்தம் எடுப்பதிலும் கெடுக்க நிறைய வழி உண்டு. ஊசி போடும் இடத்தை ஸ்பிரிட்டால் துடைத்தால் அந்த ஆல்கஹாலே மாதிரியில் கலந்துவிட்டது என்று வக்கீல் வாதிடுவார். சோப்புத் தண்ணீரோ, ஆல்கஹால் கலக்காத கிருமிநாசினியோதான் பயன்படுத்த வேண்டும். சோடியம் ஃப்ளோரைடும் பொட்டாசியம் ஆக்சலேட்டும் போட்ட குழாயில் ஐந்து மி.லி. எடுத்து, மேலே காற்று நிற்காமல் நிரப்பி, முத்திரை வைத்து, குளிர்பெட்டியில் அனுப்ப வேண்டும். ஃப்ளோரைடு இல்லாமல் வெயிலில் கிடந்தால் கிருமிகள் ரத்தத்துச் சர்க்கரையைப் புளிக்கவைத்து இல்லாத ஆல்கஹாலை உண்டாக்கும், மூடி சரியில்லை என்றால் இருந்ததும் ஆவியாகிவிடும். யார் எடுத்தது, யார் கொண்டுபோனது, எத்தனை மணிக்கு என்ற சங்கிலி அறுந்தால் எல்லாம் வீண். 2024 மே மாதம் புணேயில் கார் மோதி இரண்டு பொறியாளர்கள் இறந்த வழக்கில் ரத்த மாதிரியையே மாற்றிவிட்டார்கள் என்று டாக்டர்களைப் போலீஸ் கைது செய்ததை நீயும் படித்திருப்பாய்.

ஊதும் கருவிக்கு வருகிறேன். நுரையீரலின் அடிக்காற்று வரும்வரை நான்கைந்து நொடி விடாமல் ஊத வேண்டும். 2,100 மி.லி. மூச்சில் உள்ள ஆல்கஹால் 1 மி.லி. ரத்தத்தில் உள்ளதற்குச் சமம் என்று வைத்துக் கருவி எண்ணைக் காட்டும். குடித்து முடித்த கையோடு ஊதினால் வாயில் தங்கியதையும் சேர்த்துக் காட்டும், வாய் கொப்பளிக்கும் மருந்தும் அப்படியே. அதனால் 15 நிமிடம் காக்கவைத்து மறுபடி ஊதச் சொல்வதுதான் முறை. 2025 ஜூலையில் கேரளத்தில் பந்தளம் பஸ் டிப்போவில் பலாப்பழம் சாப்பிட்ட டிரைவர்கள் கருவியில் மாட்டியதும் இந்த வாய்ச் சமாச்சாரம்தான். பழம் புளித்தால் ஆல்கஹால்தானே! ஒவ்வொருவருக்கும் புது ஊதுகுழல் வேண்டும். காலிபிரேஷன் (கருவி சரியாகக் காட்டுகிறதா என்ற சரிபார்ப்பு) தேதி தாண்டிய கருவி, மணி தப்பாக ஓடும் கருவி, தாள் தீர்ந்த பிரிண்டர் ஆகியவையே கோர்ட்டில் பாதி வழக்கைச் சாய்க்கின்றன. காலிபிரேஷன் சான்றின் நகலை ஸ்டேஷனில் எப்போதும் கையில் வைத்திருக்கச் சொல்லு.

பிடிபடுவோம் என்ற பயத்தை எப்படி வரவைப்பது என்ற கேள்விக்கு ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் மாநிலம் 1982 டிசம்பர் 17இல் பதில் கண்டுபிடித்தது. சந்தேகம் இருந்தால்தான் என்றில்லை, நிறுத்தும் வண்டி ஒவ்வொன்றும் ஊத வேண்டும் என்று ஆரம்பித்தார்கள். முன்பு அங்கே சாலைச் சாவில் 40 சதவீதம் மது தொடர்புடையது, பிறகு அது 20க்கும் கீழே போனது. தண்டனையைக் கூட்டியதைவிட, வாரத்தில் எந்த நாளும் எந்த ரோட்டிலும் கருவி நிற்கலாம் என்ற எண்ணமே வேலை செய்தது. நம் 203ஆம் பிரிவோ சந்தேகப்பட நியாயமான காரணம் இருக்க வேண்டும் என்கிறது. அந்த ஒரு வரியை மாற்றினால் பத்தாயிரத்தை ஐம்பதாயிரமாக்குவதை விட நூறு மடங்கு பலன் என்பது என் எண்ணம். இங்கே ஒரே முக்கில், ஒரே நேரத்தில், பைக்கை மட்டும் நிறுத்துகிறார்கள். அரைமணியில் வாட்ஸ்அப்பில் எல்லாருக்கும் தெரிந்து பக்கத்துக் குளத்துக்கரை வழியாகப் போய்விடுகிறார்கள். கடை மூடுவது இரவு பத்து. பத்திலிருந்து பதினொன்றரை வரை, கிராமச் சாலையில் மூன்று இடம் மாற்றி மாற்றி நின்றாலே போதும்.

கே. பாலு வழக்கில் 2016 டிசம்பர் 15இல் உச்ச நீதிமன்றம் நெடுஞ்சாலையிலிருந்து 500 மீட்டருக்குள் மதுக்கடை கூடாது என்றதும், பிறகு சின்ன ஊர்களுக்கு அது 220 மீட்டர் ஆனதும் உனக்குத் தெரியும். நல்ல தீர்ப்பு. ஆனால் கடை உள்ளே போனால் பைக்கும் இருட்டு ரோட்டில் உள்ளே போய்த்தான் திரும்புகிறது என்பதையும் பார்க்க வேண்டும்.

கொடைக்கு என்ன செய்யலாம்? கோயிலிலிருந்து இருநூறு மீட்டர் தள்ளி ஒரே பார்க்கிங், ஒரே வாசல். வண்டியை விடும்போதே சாவியை வாங்கி டோக்கன் கொடுக்கணும். எடுக்க வரும்போது குடிக்காதவர், லைசென்ஸ் உள்ளவர் கேட்டால்தான் சாவி. குடித்துவிட்டு வந்து சண்டை போடுவான் என்பதால் அந்த மேஜையில் பெரிய மனிதர் இருவர், பெண்கள் சுயஉதவிக் குழுவில் ஒருவர் உட்கார வேண்டும். பைக்கை விட்டுப் போகிறவருக்குப் பயம் வண்டி திருடு போகுமே என்பதுதான். சங்கிலி போட்டு விடிய விடியக் காவல் வை, பாதிப் பேர் தானாக விட்டுப் போவார்கள். கார்களுக்கு நான்கு ஆக்டிங் டிரைவர்களை முன்பணம் கொடுத்து நிறுத்து, சுற்று ஊர்களுக்கு நள்ளிரவு வரை அரைமணிக்கு ஒரு வேன். வேன் டிரைவர்கள் முந்தின இரவு குடிக்கக் கூடாது என்று எழுதி வாங்கு. சாப்பாட்டை ஒன்பது மணிக்கே தொடங்கு.

இனி எழுதப்போவதை மறக்காமல் எல்லாருக்கும் சொல்லு. விழுந்து கிடப்பவனிடம் மதுவாடை வந்தால் “குடிச்சிருக்கான், தூங்கட்டும்” என்று திண்ணையில் போட்டுவிடுகிறார்கள். மண்டை ஓட்டுக்குள் ரத்தம் கட்டினால் முதலில் எழுந்து பேசுவான், ஒன்றிரண்டு மணி கழித்துத்தான் நினைவு போகும். போதையும் அப்படியே தோன்றும். தலையில் அடிபட்டிருந்தால், ஒரு கண்பாவை பெரிதாக இருந்தால், இரண்டு தடவை வாந்தி எடுத்தால், தட்டி எழுப்பினால் எழாவிட்டால் 108ஐக் கூப்பிட வேண்டும், சி.டி. ஸ்கேன் வேண்டும். அதுவரை கழுத்தைத் திருகாமல் ஒருக்களித்துப் படுக்க வை, வாந்தி மூச்சுக்குழாயில் இறங்கினால் அதுவே கொல்லும். செலவுக்குப் பயந்து யாரும் தயங்க வேண்டாம். 2021 டிசம்பரில் மேல்மருவத்தூரில் தொடங்கிய ‘இன்னுயிர் காப்போம்’ திட்டத்தில் முதல் 48 மணி நேரச் சிகிச்சை இலவசம், அது தனியார் மருத்துவமனைகளிலும் உண்டு. எந்தெந்த மருத்துவமனை என்று இப்போதே கேட்டு, பார்க்கிங் மேஜையில் எழுதி ஒட்டிவை.

கொடைத் தேதி முடிவானதும் எழுது. கட்டிங் கணக்கை எடை வாரியாக ஒரு தாளில் போட்டு அனுப்புகிறேன், அச்சடித்து டோக்கனின் பின்பக்கம் ஒட்டிக்கொள்ளலாம். தங்கச்சிக்கும் பிள்ளைகளுக்கும் என் அன்பு.

உன்,
பழைய நண்பன்