ஸ்கேனில் விடை சொன்னவரிடமும் சம்மதம் கேட்க வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

மூளை ஆராய்ச்சி என்றதும் மண்டையில் சில்லு பொருத்துவதைப் பற்றியே நாம் பேசுகிறோம். ஆனால் இன்னும் தீராத அறக்கேள்வி ஒன்று மருத்துவமனைக் கட்டிலில் கிடக்கிறது.

2006இல் கேம்பிரிட்ஜில் மூளை ஆராய்ச்சியாளர் ஏட்ரியன் ஓவன் குழுவினர், சாலை விபத்துக்குப் பின் ஐந்து மாதங்களாக நினைவின்றிக் கிடப்பதாகக் கருதப்பட்ட 23 வயதுப் பெண்ணை ஸ்கேன் கருவிக்குள் படுக்கவைத்து, டென்னிஸ் ஆடுவதாகவும் பிறகு தம் வீட்டு அறைகளில் நடப்பதாகவும் கற்பனை செய்யச் சொன்னார்கள். நலமாக இருப்பவர்களுக்கு இயங்கும் அதே பகுதிகள் அவர் மூளையிலும் இயங்கின. 2010இல் வெளியான ஆய்வில் வேறொரு நோயாளி, டென்னிஸை நினைத்தால் 'ஆம்', வீட்டை நினைத்தால் 'இல்லை' என்ற ஏற்பாட்டின்படி, தந்தையின் பெயர் முதலான ஆறு கேள்விகளில் ஐந்துக்குச் சரியாக விடை சொன்னார்.

இத்தகையோரை ஆய்வில் சேர்க்க உறவினர்தான் கையெழுத்திடுகிறார். வேறு வழியும் இல்லை. ஆனால் விடை சொல்லத் தெரிந்த பிறகும் அந்தக் கையெழுத்தே போதுமா? நினைவு திரும்பியவரிடம் புதிதாகச் சம்மதம் பெற வேண்டும் என்று இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் 2017ஆம் ஆண்டு நெறிமுறைகள் கூறுகின்றன. கண் திறந்து பேசினால்தான் நினைவு திரும்பியதாகக் கொள்வோமா, ஸ்கேனில் தெரிந்தாலும் கொள்வோமா என்பதை நமது நெறிமுறைக் குழுக்கள் தெளிவாக்க வேண்டும். இரண்டே சொற்களை வைத்து ஒருவர் விவரம் புரிந்து சம்மதித்தார் என்று சொல்ல முடியாது என்பார்கள். உண்மைதான், ஆனால் வலிக்கிறதா, இத்துடன் நிறுத்திக்கொள்ளலாமா என்று கேட்க அந்த இரண்டு சொற்கள் போதும்.

இது அபூர்வமான நிலையும் அல்ல. 2024இல் வெளியான பன்னாட்டு ஆய்வில், கட்டளைக்கு வெளிப்படையாக எந்த அசைவும் காட்டாத 241 பேரில் 60 பேருக்கு மூளை கட்டளையைப் பின்பற்றியது. அதே சோதனையில், கட்டளைக்கு அசைந்து காட்டக்கூடியவர்களிலேயே பாதிக்கு மேற்பட்டோர் தேறவில்லை என்பதால், தேறாதவருக்கு உணர்வில்லை என்று எழுதிவிடவும் கூடாது.

என் பெரியப்பா பக்கவாதத்தில் பேச்சு மூச்சின்றிக் கிடந்த மூன்று வாரமும், அவர் தலைமாட்டில் நின்றே நாங்கள் செலவுக் கணக்கும் பத்திர விவகாரமும் பேசினோம். "ஐயா, இந்தப் பக்கமா திருப்பிப் படுக்க வைக்கிறேன்" என்று அவரிடமே சொல்லிவிட்டுச் செய்தவர் இரவுப் பணிச் செவிலியர் ஒருவர் மட்டும்தான்.

இப்படிக்கு,
வாசகர் ஒருவர், திருச்சி.