சனிக்கிழமை படம்: ஜெசிக்கா மாபாய்

எல்லாருக்கும் வணக்கம். இந்தச் சனி இரவு 8 மணிக்கு 'தி சஃபையர்ஸ்' (2012) பார்க்கிறோம். 1968-இல் வியட்நாமில் அமெரிக்கப் படையினருக்குப் பாடப்போன ஆஸ்திரேலியப் பூர்வகுடிப் பெண்களின் கதை. ஜூலியாக வரும் ஜெசிக்கா மாபாயைக் கவனிங்க.

ஆஸ்திரேலியாவின் டார்வின் நகரத்துக்காரர். அம்மா குக்கு யலாஞ்சி பூர்வகுடி இனம், அப்பா இந்தோனேசியாவின் மேற்குத் திமோர். 2006-இல் ஆலிஸ் ஸ்பிரிங்ஸ் ஊரில் நடந்த தேர்வில் விட்னி ஹூஸ்டன் பாட்டைப் பாடி 'ஆஸ்திரேலியன் ஐடல்' டிவி பாட்டுப் போட்டிக்குள் போனவர், இறுதிச்சுற்றில் இரண்டாமிடம். ஜெயிச்சவர் பேர் நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

இந்தப் படத்துக்குச் சிறந்த துணை நடிகைக்கான ஆக்டா (ஆஸ்திரேலியத் திரை விருது) விருதும் வாங்கினார். 2018-இல் லிஸ்பனில் நடந்த யூரோவிஷன் பன்னாட்டுப் பாட்டுப் போட்டி மேடையில் ஆஸ்திரேலியாவுக்காகப் பாடி 20-ஆம் இடம், அதை விடுங்க.

வர்றவங்க வெள்ளிக்குள்ள கை தூக்குங்க. கதையை முன்கூட்டியே சொல்றவங்களுக்குச் சுண்டல் கிடையாது.