அந்த இறகில் ஏன் நின்றார்?

அன்புள்ள பாப்பாவுக்கு,

நீ எடுத்து அனுப்பிய இருபது நிமிடப் படத்தை நேற்று ராத்திரி மூன்று தடவை பார்த்தேன். வியாசர்பாடி மொட்டைமாடி, புறாக் கூண்டு, அந்தப் பெரியவர். புறாவின் சிறகை விரித்துப் பிடித்து, ஒவ்வொரு இறகாகக் கட்டைவிரலால் நீவிக்கொண்டே வருகிறார். ஒரு இறகு வந்ததும் கை நிற்கிறது. அதை மட்டும் திரும்பத் தடவுகிறார். சரியாக அங்கே காட்சியை வெட்டிவிட்டாயே அம்மா!

போன தடவை நீ பென் டிரைவில் வைத்துவிட்டுப் போன லெஸ் பிளாங்க் என்ற அமெரிக்க ஆவணப்பட இயக்குநரின் படங்களையும் பார்த்து முடித்தேன். 1935இல் ஃப்ளோரிடாவில் பிறந்தவர், 2013இல் இறக்கும்வரை மற்றவர்கள் திரும்பிப் பார்க்காத ஆட்களையே தேடிப் போயிருக்கிறார். டெக்சாஸ் மெக்சிகோ எல்லையில் அக்கார்டியன் என்ற துருத்திப் பெட்டி வாசிப்பவர்கள், லூசியானாவின் பிரெஞ்சு பேசும் பாட்டுக்காரர்கள், போல்கா என்ற ஜோடி நடனம் ஆடுகிறவர்கள், பூண்டுக்காக உயிரை விடுகிறவர்கள். பூண்டுப் படத்தைத் திரையிடும்போது அரங்கிலேயே பூண்டைச் சுட்டு மணக்க வைப்பாராம். அம்மாவுக்கு இது ரொம்பப் பிடித்துவிட்டது. அந்தப் படமும், எல்லைப் பாட்டுக்காரர்களைப் பற்றிய 1976 படமும் பாதுகாத்து வைக்க வேண்டிய படங்களுக்கான அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இருக்கின்றன.

எனக்கு மனதில் நின்றது லைட்னின் ஹாப்கின்ஸ் என்ற, ப்ளூஸ் எனும் கறுப்பின மக்களின் பாட்டைப் பாடியவரின் கதை. பிளாங்க் அவரைப் படமெடுக்கப் போன முதல் நாளே சில பாட்டுகளைப் பாடிவிட்டு, போதும், கிளம்புங்கள் என்று சொல்லிவிட்டார். பிளாங்க் அவரோடு சீட்டாட உட்கார்ந்து, இருந்த காசைத் தோற்றார். அதற்கப்புறம்தான் படப்பிடிப்பு தொடர்ந்தது. காசு போனாலும் நாள் கிடைத்தது பார்.

கம்பெனி விளம்பரங்களுக்கு எடிட்டிங் செய்யக் கூச்சமாக இருக்கிறது என்று அம்மாவிடம் சொன்னாயாம். எதற்குக் கூச்சம்? பிளாங்கும் கம்பெனிகளுக்குப் படம் எடுத்துக் கொடுத்துத்தான் பிழைப்பை ஓட்டினார். அந்தக் காசில்தான் நீ அந்த மாடியில் இன்னும் பத்து நாள் உட்கார முடியும்.

இருபத்தாறு வருடம் கல்யாண வீடியோ எடுத்தவன் சொல்கிறேன். ஒவ்வொரு கல்யாணத்திலும் மேடைக்குப் பக்கத்தில் நாதஸ்வரக்காரர் ஊதுவாயான சீவாளியை உதட்டில் வைத்து ஈரமாக்குவார், ஊதிப் பார்ப்பார், கழற்றி இன்னொன்றை மாட்டுவார். நான் அதைப் பார்ப்பேன், ஆனால் கேமரா மணமேடையில் இருக்கும். என்னிடம் இருக்கும் அத்தனை கேசட்டிலும் அவர்கள் சேர்ந்து பத்து நொடிகூட இல்லை. அவர்களில் பாதிப் பேர் இப்போது உயிரோடு இல்லை. எனக்கு அது ஆறவே மாட்டேன் என்கிறது.

கேமராப் பையில் கொஞ்சம் பணம் வைத்திருக்கிறேன், பக்கத்து வீட்டுத் தம்பி கொண்டு வருவான். அடுத்த ஞாயிறு மாடிக்குப் போனால், அந்த இறகில் என்ன இருந்தது என்று பெரியவரிடம் கேட்டு எனக்கு எழுது.

அன்புடன்,
அப்பா