குற்றப் படமும் பொறுமையும்

ஆசிரியர் அவர்கட்கு,

உண்மைக் குற்ற ஆவணப்படங்கள் பற்றித் தங்கள் ஞாயிறு இதழில் வெளியான கட்டுரை, அமெரிக்க இயக்குநரும் தொலைக்காட்சித் தயாரிப்பாளருமான ஜோ பெர்லிங்கரைப் பரபரப்பு வியாபாரியாக மட்டும் காட்டியது நியாயமன்று. அமெரிக்காவின் ஆர்கன்சாஸ் மாநிலத்தில் 1993இல் சிறுவர் மூவர் கொல்லப்பட்ட வழக்கை, கைதான இளைஞர்களே குற்றவாளிகள் என்ற எண்ணத்துடன் படமாக்கச் சென்ற அவரும் இணை இயக்குநர் புரூஸ் சினோஃப்ஸ்கியும், விசாரணையை நேரில் கண்டு ஐயங்கொண்டு, 1996 முதல் மூன்று படங்களில் அதைத் தொடர்ந்தனர். கைதான அவ்விளைஞர் மூவரும் 18 ஆண்டுச் சிறைவாசத்தின் பின் 2011இல் வெளியே வந்தபோதும், குற்றமற்றவர்கள் என்ற தீர்ப்பு அவர்களுக்குக் கிட்டவில்லை. அமெரிக்கத் தொடர் கொலையாளி டெட் பண்டி பற்றி 2019இல் பெர்லிங்கர் தந்த தொடரில் இந்தப் பொறுமையை நான் காணவில்லை என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

உவர்மலையில் எங்கள் ஒழுங்கையில் நிகழ்ந்த ஒரு மரணத்தை, மறுநாளே வந்த படப்பிடிப்புக் குழுவொன்று, அயலவர் இருவரின் பேச்சை நம்பிக் கொலையென்றே ஒளிபரப்பியது. அது விபத்தென மரண விசாரணையில் தெரிந்த பின்னர் எவரும் திரும்பி வரவில்லை. எனவே, குற்றச் சம்பவங்களை ஒளிபரப்பும் நிலையங்கள், அவ்வழக்குகளின் முடிவையும் அதே நிகழ்ச்சியில், அதே நேர அளவில் ஒளிபரப்புவதை விதியாக்கிக்கொள்ள வேண்டும்.

வாசகர் ஒருவர்,
உவர்மலை, திருகோணமலை.