லயத்துப் பாட்டுகளையும் பதிவு செய்வோம்

ஆசிரியர் அவர்களுக்கு,

இலங்கை மலையகத்தின் தேயிலைத் தோட்டங்களில் ஆடப்படும் காமன் கூத்தைப் பலரும் கைபேசியில் படம் எடுக்கிறார்கள். நல்லதுதான். ஆனால் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயத்துக்குள் பாடும் தாலாட்டையும் ஒப்பாரியையும் பதிவு செய்ய ஆளில்லை. தொழிலாளர்களை மேய்த்த கங்காணியின் கெடுபிடியும், தேயிலைக்கு முந்திய கோப்பிக் காலத்தில் தமிழகத்திலிருந்து வந்தவர்களின் நடைப்பயணமும் இந்தப் பாட்டுகளில்தான் இருக்கின்றன.

1984இல் மறைந்த மலையக எழுத்தாளர் சி.வி. வேலுப்பிள்ளை இவற்றைத் திரட்டி நூலாக்கினார். அச்சில் சொற்கள் கிடைக்கின்றன, மெட்டு கிடைக்கவில்லையே!

சாவு வீடு இல்லாமல் ஒப்பாரி பாடக் கூடாது என்று அம்மாயிமார் (பாட்டிமார்) மறுப்பார்கள். சரி, வற்புறுத்த வேண்டாம். தேயிலை பறிக்கும்போது பாடும் கொழுந்துப் பாட்டிலும் தாலாட்டிலும் தொடங்கலாம். பாடுபவரின் சம்மதத்தோடு பெயர், தோட்டம், அதன் பிரிவு (டிவிஷன்), யாரிடம் கற்றார் என்பதையும் எழுதி வைக்க வேண்டும். தோட்டப் பாடசாலைகள் இதை மாணவர்களின் விடுமுறை வேலையாகக் கொடுத்தால், பேரப்பிள்ளைகளே பதிவு செய்துவிடுவார்கள்.

வாசகர்,
ஹட்டன்