வைட்டமின் ஏ: அளவையும் சொல்லுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த கண் நலக் கட்டுரை பயனுள்ளதுதான். ஆனால் வைட்டமின் ஏ மாத்திரையைத் தினமும் சாப்பிடலாம் என்று போகிற போக்கில் சொன்னவர்கள், எவ்வளவு, எத்தனை நாள் என்று சொல்லவில்லை. மருந்துக்கடையில் பல வருடம் நின்றவன் என்பதால் எனக்கு இது கவலை தருகிறது.

வைட்டமின் சி கூடிப்போனால் பெரும்பாலும் சிறுநீரில் போய்விடும். ஏ அப்படியில்லை. கொழுப்பில் கரைவதால் கல்லீரலில் சேர்ந்துகொண்டே இருக்கும். பெரியவர்களுக்கு ஒரு நாளைய உச்சவரம்பு 3,000 மைக்ரோகிராம், அதாவது சுமார் 10,000 ஐ.யு. (வைட்டமினை அளக்கும் சர்வதேச அலகு). கடையில் விற்கும் மாத்திரை ஒன்றிலேயே 25,000 ஐ.யு. இருப்பதுண்டு. சத்துக்குறைபாடு உள்ளவருக்கு மருத்துவர் கொஞ்ச நாளைக்கு எழுதித் தருவது அது. மாதக்கணக்கில் விழுங்கினால் தலைவலி, உதடு வெடிப்பு, முடி உதிர்வு, எலும்பு வலி என்று ஆரம்பித்துக் கல்லீரல் வரை கெடும். மண்டைக்குள் அழுத்தம் ஏறிப் பார்வை மங்குவதும் உண்டு. கண்ணுக்காகச் சாப்பிட்டவருக்கு இப்படி ஆகலாமா?

கர்ப்பிணிகள் விஷயத்தில் இன்னும் கவனம் வேண்டும். 1995-இல் அமெரிக்காவில் 22,000-க்கும் மேற்பட்ட கர்ப்பிணிகளிடம் நடந்த ஆய்வு வெளிவந்தது. மாத்திரையாகத் தினம் 10,000 ஐ.யு.வுக்கு மேல் எடுத்தவர்களின் குழந்தைகளில், ஏறக்குறைய 57-க்கு ஒன்றுக்கு அதனாலேயே பிறவிக் குறை வந்ததாக அது கணக்கிட்டது. முகப்பருவுக்குத் தரும் ஐசோட்ரெட்டினாயின் இதே குடும்பம்தான். கருவுக்கு அதைவிட ஆபத்தானது. அதையும் சீட்டில்லாமல் கேட்டு வருகிறார்கள், சில கடைகளில் கொடுக்கவும் செய்கிறார்கள். அப்புறம், ரத்தம் ஊறும் என்று கர்ப்பிணிக்கு ஈரல் வறுத்துக் கொடுக்கிறோம். 100 கிராம் ஆட்டு ஈரலிலேயே அந்த உச்சவரம்பைப் போல இரண்டு மடங்கு இருக்கும். இரும்புச்சத்துதான் நோக்கம் என்றால் சுவரொட்டி (ஆட்டு மண்ணீரல்) போதுமே.

முருங்கைக்கீரை, கேரட், பப்பாளிக்கு இந்தப் பயம் வேண்டாம். அவற்றில் இருப்பது பீட்டா கரோட்டின். உடம்பு தேவைக்கேற்பத்தான் அதை மாற்றிக்கொள்ளும். அதேபோல், ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளுக்கு ஆறு மாதத்துக்கு ஒருமுறை அங்கன்வாடியில் ஊற்றும் வைட்டமின் ஏ திரவத்தை யாரும் நிறுத்திவிடக் கூடாது. வயதுக்கேற்ப அளந்து, இடைவெளி விட்டுத் தருவது அது. அது போதாதென்று வீட்டில் மீன் ஈரல் எண்ணெய் மாத்திரையும் சேர்த்துக் கொடுப்பவர்கள் மருத்துவரைக் கேட்டுவிட்டுக் கொடுக்கட்டும்.

அடுத்த இதழில் இந்த அளவுகளை ஒரு பெட்டிச் செய்தியாகப் போடுங்கள். கர்ப்பிணிகளுக்கான எச்சரிக்கை மேலே, கொட்டை எழுத்தில் இருக்கட்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற மருந்தாளுநர்,
தஞ்சாவூர்